பேரும் இலந்தையும்

(சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



கம்பனையும் வள்ளுவனையும் பற்றிப் பேசத் தகுதி வாய்ந்தோர் பலர் இவ்வவையில் வீற்றிருக்கின்றனர். நாமோ பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு, ஜபல்பூர் கூட்ஸ் ஆபீசில் ரசீது எழுதிக் காலங்கழிப்பவர். ஆதலின் பெரிய பொருளை நாடாமல் மிகச் சிறிய பொருள் ஒன்றை எடுத்துக்கொண்டோம். அது கட்டைவிரல் நுனியளவே இருக்கும். இந்தத் தை மாதத்தில் நம் காலனி வாசலில் கூடையோடு அமர்ந்திருக்கும் பெண்களிடம், காகிதச் சுருளில் உப்புத்தூள் தூவிக் கிடைக்கும். இலந்தைப் பழத்தைத்தான் சொல்கிறோம். பழத்தின் சுவையை நீங்களே அறிவீர்கள். அதன் பெயரைப் பற்றியே இங்கே பேச விரும்புகிறோம்.

பெயர் என்றால் எங்கள் ஆபீசில் விளையாட்டன்று. சரக்கின் பெயரை மாற்றி எழுதினால் கட்டண வகுப்பு மாறிவிடும்; கட்டண வகுப்பு மாறினால் அபராதம் வந்து நிற்கும். மூட்டைக்குள் இருப்பது அதேதான், அதே எடைதான். ஆயினும் தாளில் எழுதிய பெயரைக் கொண்டே உலகம் அதை நடத்துகிறது. இருபது ஆண்டுகளாக இந்த உண்மையோடு பழகியதனால், பெயர் என்ற சொல் காதில் விழுந்தாலே நமக்குச் சற்று விழிப்பு உண்டாகும்.

இந்தியில் இந்தப் பழத்துக்குப் ‘பேர்’ என்று பெயர். முதலெழுத்தை அவர்கள் சற்று அழுத்தி, பந்து என்பதை வடமொழியில் உறவினர் என்ற பொருளில் சொல்வதுபோல் ஒலிக்கிறார்கள். நம் எழுத்தில் அந்த வேறுபாட்டைக் காட்ட வழியில்லை. எழுதிவிட்டாலோ, ‘பெயர்’ என்பது மருவிப் பிறந்த நம் ‘பேர்’ என்பதும் இதுவும் இரட்டைப் பிள்ளைகள்போல் நிற்கின்றன. நமக்குப் பேர் என்றால் எத்தனை பொருள்! ஒருவன் பேர் எடுக்கிறான். மற்றொருவன் பேரைக் கெடுத்துக்கொள்கிறான். விருந்துக்குப் பத்துப் பேர் வருகிறார்கள். பேர் சொல்லப் பிள்ளை வேண்டும் என்கிறோம். இவ்வளவு கனமான சொல், இங்கே வந்தவுடன் உப்புத் தூவிய பழமாகிவிடுகிறது.

சென்ற ஆண்டு ஊரிலிருந்து நம் காலனிக்கு ஒரு பாட்டியம்மாள் வந்திருந்தார். பேத்திக்கு ஐந்து வயது. பிறந்ததும் வளர்ந்ததும் இங்கேதான். குழந்தையின் கையிலிருந்ததைப் பார்த்துப் பாட்டி கேட்டார்: “இது பேர் என்னடி கண்ணு?”

“பேர்.”

“பேர்தான் கேக்கறேன். என்ன பேர்?”

“பேர்தான் பாட்டி!”

வீட்டார் சிரித்தார்கள். அடுத்த வீட்டிலிருந்த நாமும் சிரித்தோம். ஆனால் அதன் பின்விளைவு சிரிக்கத் தக்கதாக இல்லை. பாட்டி அதற்குப் பிறகு பேத்தியிடம் ஒன்றையும் சுட்டிக்காட்டிக் கேட்பதைக் குறைத்துக்கொண்டார். பேத்தியோ, பாட்டிக்கு ஒன்றுமே தெரியாது என்று முடிவு கட்டிவிட்டாள். அந்த அம்மாள் யார்? இலந்தை முள்ளை வெட்டிப் போட்டு வேலி அடைத்த கொல்லையில் வளர்ந்தவர். செங்காயையும் கனியையும் பார்த்த மாத்திரத்தில் பிரிக்கத் தெரிந்தவர். பழத்தை உரலில் இட்டு, மிளகாயும் உப்பும் புளியும் வெல்லமும் பெருங்காயமும் சேர்த்து இடித்து, வடையாகத் தட்டி வெயிலில் காய வைத்துப் பள்ளிக்கூட வாசலில் விற்றவர்களை அறிந்தவர். இவ்வளவு கதையும் ‘இலந்தை’ என்ற ஒரு சொல்லின் பின்னால் வரிசையில் காத்திருந்தது. சொல் நடுவில் இல்லாமையால் கதை குழந்தையிடம் போய்ச் சேரவில்லை. விலாசமில்லாத பார்சல்போல் அது பாட்டியோடேயே ஊருக்குத் திரும்பிவிட்டது.

இதன் தொடர்ச்சியாக, நம் சங்கத்தின் ஞாயிற்றுக்கிழமைத் தமிழ் வகுப்பில் சுவரில் மாட்டும் பழங்களின் படத்தாள் பற்றி ஒரு விவாதம் எழுந்தது உங்களுக்கு நினைவிருக்கும். படத்தின் கீழே எந்தப் பெயரை எழுதுவது? பிள்ளைகளுக்குத் தெரிந்த ‘பேர்’ என்பதையே எழுதினால் போதும், வாசிக்கவாவது கற்றுக்கொள்ளட்டும் என்றனர் சில பெற்றோர். இந்திச் சொல் நம் வகுப்புக்குள் நுழையவே கூடாது என்றனர் வேறு சிலர். இதற்கிடையில் ஒரு சிறுவன் படத்தைப் பார்த்துப் ‘பேர்’ என்று சொல்லப்போக, பெரியவர் ஒருவர் பலர் முன்னிலையில் கடிந்துகொண்டார். பையன் அடுத்த இரண்டு வாரம் வகுப்புக்கு வரவில்லை. முப்பது பிள்ளைகள் வந்த வகுப்பில் இப்போது பன்னிரண்டு பேர்தான் வருகிறார்கள் என்பதைக் காரியதரிசியின் அறிக்கையில் சற்று முன் கேட்டீர்கள். ஆகவே இது பழத்தைப் பற்றிய வழக்கு என்று தள்ளிவிடத் தக்கதன்று.

இரு கட்சியாருக்கும் நாம் சொல்லக்கூடியது ஒன்றுண்டு: இந்தப் பழத்தின் பெயர்கள் எங்கெங்கே எப்படி வழங்குகின்றன என்று சற்றுப் பார்த்துவிட்டுப் பிறகு வாதாடுவோம்.

இந்தியா முழுவதிலும் இதற்கு வழங்கும் பெயர்களை அடுக்கினால் பெரும்பாலும் மூன்று குடும்பத்துக்குள் அடங்கிவிடும். வடமொழியில் பதரம், பதரி என்பது ஒரு குடும்பம். இந்தியில் பேர், மராத்தியிலும் குஜராத்தியிலும் போர், சத்தீஸ்கட் பேச்சில் போயிர், அஸ்ஸாமில் போகொரி என்பனவெல்லாம் இந்த வீட்டுப் பிள்ளைகள். கோலம் என்பது வடமொழியிலேயே உள்ள இரண்டாவது பெயர். வங்காளியர் குல் என்பதும் ஒரியர் பரகோலி என்பதும் அதன் பக்கத்து உறவு. வேதகாலத்து வேள்வி நூல்களில் குவலம், கர்க்கந்து, பதரம் என்று மூன்று வகை இலந்தையைத் தனித்தனியே பெயர் சொல்லிக் குறித்திருக்கிறார்கள். காட்டுப் பழமொன்றுக்கு மூன்று பெயர் வைத்திருந்தார்கள் என்றால், அதை எவ்வளவு உற்றுப் பார்த்திருக்க வேண்டும்!

மூன்றாவது குடும்பம் நம்முடையது. இலந்தை என்பது இன்றைய பெயர். பழைய பெயர் இரத்தி. புறநானூற்றில் ஆலத்தூர் கிழார் கிள்ளிவளவனைப் பாடிய பாட்டில், பாணர்கள் சுற்றத்தோடு கூடி உண்டு மகிழும் ஊர் மன்றத்தில் நிழல் தந்து நிற்பது இந்த இரத்தி மரமே. அரசனைப் பாடும் பாட்டில் ஆலும் அரசும் இருக்க, முள் மரத்துக்கு இடம் கிடைத்ததை எண்ணி நாம் மகிழ்வதுண்டு. ஏழைகள் கூடும் இடத்துக்கு ஏற்ற மரம் என்று புலவருக்குத் தெரிந்திருக்கிறது.

மலையாளத்தில் இலந்த, கன்னடத்தில் எலச்சி, தெலுங்கில் ரேகு. தெலுங்குச் சொல் நம் சொல்லுக்கு உறவா என்று ஐயம் எழலாம். இரத்தி என்பதன் முதல் உயிர் கழன்று ரகரம் முன்னே வருவது தெலுங்குக்குப் பழக்கமான வழி. நம் ‘இரண்டு’ அங்கே ‘ரெண்டு’ ஆகவில்லையா? பர்ரோ, எமனோ என்ற இரு அறிஞர்கள் தொகுத்து 1961-இல் ஆக்ஸ்போர்டில் வெளியான திராவிடச் சொற்பிறப்பகராதியில் இவையனைத்தும் ஒரே தலைப்பின் கீழ் வைக்கப்பட்டுள்ளன.

அந்தத் தலைப்பில் இன்னொரு சொல்லும் இருக்கிறது. அதைப் பார்த்தபோதுதான் இந்த உரையை நிகழ்த்த வேண்டும் என்ற எண்ணமே நமக்கு உண்டாயிற்று. அது கோண்டி மொழிச் சொல்: ரேங்கா.

கோண்டுகள் யார் என்று இந்த ஊர்க்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மதன் மகால் ஸ்டேஷனுக்கு மேலே குன்றின்மீது பாறையோடு பாறையாக நிற்கும் கோட்டை அவர்களுடையது. 1564-இல் மொகலாயப் படையை எதிர்த்துப் போர்க்களத்தில் உயிர் நீத்த ராணி துர்காவதி ஆண்டது அவர்களுடைய நாடு. அக்குடியினரில் பலர் இன்று இந்தியே பேசுகின்றனர்; கோண்டி பேசுவோரும் இலட்சக்கணக்கில் இருக்கின்றனர். அவர்கள் மொழி நம் மொழிக்குத் தங்கை முறை. தமிழர்கள் நர்மதைக் கரைக்கு ரயில் ஏறி வந்து குடியேறியது நேற்று நடந்தது என்றே நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். நம் இரத்திக்கு உறவான சொல்லோ, நாம் வருவதற்கு எத்தனையோ காலத்துக்கு முன்பே இந்தக் காடுகளில் குடியிருந்து வருகிறது. வாசலில் பழம் விற்கும் பெண்ணின் பாட்டி அதை ரேங்கா என்று அழைத்திருக்கவும் கூடும். ஆகவே இலந்தை என்ற சொல் இங்கே அன்னியச் சொல் என்று நாணவும் வேண்டாம். இந்த மண்ணில் நமக்கு உறவில்லை என்று முகத்தைத் திருப்பிக்கொள்ளவும் வேண்டாம்.

பதரி என்ற சொல்லை நாமும் விலக்கியவர்கள் அல்லர். இமயத்தில் அளகநந்தைக் கரையில் உள்ள பத்ரிநாத், இலந்தையின் பெயரால் அமைந்த தலம். திருமால் தவமிருந்தபோது திருமகள் இலந்தை மரமாகி நிழல் தந்தாள் என்பது தலக் கதை. திருமங்கையாழ்வார் அத்தலத்தை வதரி என்று தமிழாக்கி இரண்டு திருமொழிகள் பாடினார். சோழ நாட்டில் நாகப்பட்டினத்துக்கு அருகே கீழ்வேளூர்ச் சிவன் கோயிலுக்கும் தலமரம் இலந்தையே. அவ்வூருக்குப் பதரிவனம் என்ற பெயரும் உண்டு. வேதாந்த சூத்திரங்களை இயற்றியவராகப் போற்றப்படும் பாதராயணரின் பெயரிலும் இந்தப் பழம் ஒளிந்துகொண்டிருக்கிறது. தெருவோரப் பழத்தின் பெயரை அவ்வளவு பெரிய ஞானியார் சுமந்திருக்கிறார்!

எடையோடு உழலும் எம்மைப் போன்றோருக்கு இன்னொரு செய்தி. சரக சம்ஹிதையில் கோலம், பதரம் என்பன மருந்து நிறுக்கும் எடையின் பெயர்களுமாகும். இரண்டு சாணம் ஒரு கோலம். இரண்டு கோலம் ஒரு கர்ஷம். குன்றிமணிபோல் இலந்தையும் தராசில் ஏறி உட்கார்ந்த காலம் அது. இன்று ‘ஆப்பிள் பேர்’ என்று முட்டை பருமனில் ஒட்டுப்பழம் கடைகளில் வருகிறது. அதைக் கொண்டு மருந்து நிறுத்தால் நோயாளியின் கதி என்ன ஆவது? காட்டில் தானாக விளையும் சின்னப் பழத்தை இங்குள்ளோர் ஜர்பேரி என்று பிரித்துச் சொல்கிறார்கள். பெரிய ஒட்டுப்பழம் பார்வைக்கு அழகு. நம் கட்சி ஜர்பேரியின் கட்சி.

சபரியின் கதையை இங்குள்ள குழந்தைகள் எல்லாரும் அறிவார்கள். ஒவ்வொரு பழமாகக் கடித்துப் பார்த்து, இனிப்பானதை மட்டும் இராமனுக்குக் கொடுத்தாள் என்பார்கள். அந்தப் பழம் பேர் என்றும் தவறாமல் சொல்வார்கள். வியப்பு என்னவென்றால், வால்மீகியில் சபரி காட்டில் சேகரித்த உணவைப் படைக்கிறாள். எச்சிற்படுத்திப் பார்த்ததாக இல்லை. துளசிதாசரும் கிழங்கும் கனியும் என்பதோடு நிறுத்திக்கொண்டார். கம்பரும் விருந்து படைத்தாள் என்ற அளவிலேயே சொல்லிப் போகிறார். இலந்தை பிற்காலத்து அடியார்களின் வாய்மொழியிலும் ஊர்ப்புறத்துக் கதைகளிலும் வந்து சேர்ந்தது.

ஏன் இந்தப் பழத்தைத் தேர்ந்தார்கள்? ஒரு கைப்பிடி இலந்தையை வாங்கித் தின்றவர்களுக்கு விடை தெரியும். ஒரே கிளையில் பறித்தாலும் ஒன்று இனிக்கும், ஒன்று புளிக்கும், ஒன்று துவர்க்கும், ஒன்றில் புழு இருக்கும். கண்ணால் பார்த்து ஓரளவு பிரிக்கலாமேயன்றி உறுதி சொல்ல முடியாது. விருந்தாளிக்கு நல்லதாகவே கொடுக்க வேண்டுமானால் கடித்துத்தான் பார்க்க வேண்டும். மாம்பழத்துக்கு இக்கதை பொருந்தாது. வாழைப்பழத்துக்குச் சிறிதும் பொருந்தாது. பெரும் புலவர்கள் எழுதாமல் விட்ட பெயரைப் பழம் பொறுக்கித் தின்ற மக்கள் இட்டு நிரப்பினார்கள் என்பது நம் துணிபு.

வாழையும் இலந்தையும் பக்கத்தில் பக்கத்தில் நின்றால் என்ன ஆகும் என்பதை இரகீம் ஒரு தோகாவில் சொல்லியிருக்கிறார். இலந்தை தன் போக்கில் காற்றில் ஆடுகிறது. வாழையின் இலை கிழிகிறது. நம் ஊரில் சேலையையும் முள்ளையும் வைத்து இதே பொருளைச் சொல்கிறோம். இலந்தையின் கணுவில் முட்கள் இரண்டிரண்டாக இருக்கும். ஒன்று நேராக, மற்றொன்று கொக்கிபோல் வளைந்து. நேர்முள்ளில் தப்பினாலும் வளைமுள் விடாது. இரகீம் அதை அருகிலிருந்து பார்த்தவராகத்தான் இருக்க வேண்டும்.

பஞ்சாபில் இந்த மரத்துக்கு உள்ள மதிப்பே தனி. அமிர்தசரஸ் பொற்கோயில் குளக்கரையில் துக்பஞ்சனி பேரி என்ற இலந்தை மரத்தடியில் மக்கள் துயர் தீர வேண்டி நீராடுகிறார்கள். குருநானக் வாழ்ந்த சுல்தான்பூர் லோதியில் உள்ள குருத்வாராவுக்குப் பேர் சாஹிப் என்றே பெயர். இலந்தைக்குச் ‘சாஹிப்’ என்று மரியாதைப் பட்டம் சூட்டிய நாடு அது. நம் ஊரிலோ, 1968-இல் வெளிவந்த ‘பணமா பாசமா’ படத்தில் எல். ஆர். ஈஸ்வரி பாடிய பாட்டுக்குப் பிறகு, ‘எலந்தப்பயம்’ என்று ஒருவர் சொன்னாலே பக்கத்திலிருப்பவர் சிரிக்கத் தொடங்கிவிடுகிறார். இதில் குறை காண நாம் விரும்பவில்லை. அந்தப் பாட்டு இல்லாவிட்டால் இங்கே பிறந்த நம் வாலிபர்கள் சிலருக்கு அந்தச் சொல்லே தெரிந்திராது.

ஒரு காலனியில் ஒன்றாக வாழ்கிறோம். தை பிறந்தால் எத்தனை வீட்டில் இந்தப் பழம் எத்தனை வேலை செய்கிறது பாருங்கள். போகியன்று தெலுங்கர் வீட்டில் ரேகுப்பழத்தோடு காசும் கரும்புத் துண்டும் கலந்து குழந்தையின் தலையில் சொரிகிறார்கள். மராத்தியர் வீட்டில் சங்கராந்தியை ஒட்டிப் ‘போர்ந்ஹாண்’ என்று ஏறத்தாழ அதையே செய்கிறார்கள். வங்காளி வீட்டுப் பிள்ளைகள் சரசுவதி பூசை முடியும்வரை குல் தின்ன மாட்டார்கள். தின்றால் பரீட்சையில் தேற முடியாதாம். சிவராத்திரியில் இந்த ஊரார் வில்வத்தோடு பேரையும் சிவலிங்கத்துக்குப் படைக்கிறார்கள். நம் பிள்ளைகள் இத்தனை வீட்டிலும் விளையாடி, இத்தனை பெயரையும் காதால் கேட்டு வளர்கிறார்கள். அவர்கள் சொந்த வீட்டுப் பெயர் ஒன்றுதான் அவர்கள் காதில் விழவில்லை. அதற்குப் பிள்ளையைக் கடிந்து பயனென்ன? வீட்டில் நாம் சொன்னால்தானே அவன் சொல்வான்?

ஆகையால் படத்தாளைப் பற்றி நம் யோசனை இது. படத்தின் கீழே ‘இலந்தை’ என்று கொட்டை எழுத்தில் எழுதுவோம். ‘பேர்’ என்பதைத் தமிழ் எழுத்தில் எழுதவேண்டாம்; தேவநாகரியிலேயே எழுதுவோம். பிள்ளைகள் அதைப் பள்ளியில் படிக்கிறார்கள்; குழப்பமும் வராது. அதற்குக் கீழே ஐந்தாறு கோடுகளை வெறுமனே விட்டுவைப்போம். ரேகு, போர், குல், பரகோலி, ரேங்கா என்பவற்றைப் பிள்ளைகளே அக்கம்பக்கத்து வீடுகளில் கேட்டு வந்து நிரப்பட்டும். கேட்கப் போகும்போது ‘உங்கள் வீட்டில் இதை என்ன சொல்வீர்கள்?’ என்று கேட்பார்கள் அல்லவா. எதிர்வீட்டார் உடனே ‘உங்கள் வீட்டில்?’ என்று திருப்பிக் கேட்பார்கள். அப்போது சொல்ல ஒரு சொல் கையில் வேண்டும். வகுப்புக்கு வராமல் நின்ற அந்தச் சிறுவனிடம் சென்ற வாரம் இந்த வேலையைச் சொன்னோம். கையில் நோட்டுப் புத்தகத்தோடு மூன்று வீடு போய் வந்துவிட்டான். ஒரியா வீட்டில் அவனுக்குப் பழமும் கிடைத்ததாம்.

இன்னும் ஒன்று. முன்னே சொன்ன பாட்டியம்மாள் மாசி மாதம் மறுபடியும் வருகிறார். ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் பிள்ளைகள் முன்னிலையில் இலந்தை வடை இடித்துக் காட்ட வேண்டும் என்று தொலைபேசியில் கேட்டோம், உடனே ஒப்புக்கொண்டார். மிக்சியில் அரைத்தால் ஆகாதா என்று கேட்டதற்கு, கொட்டையோடு சேர்த்து உரலில் இடித்தால்தான் அது இலந்தை வடை என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். பழத்துக்கு வாசலில் உள்ள பெண்ணிடம் சொல்லியாயிற்று. நான்கு கிலோ ஜர்பேரி கொண்டுவருவாள். மிளகாய், வெல்லம், புளி ஆகியவற்றைச் சங்கம் வாங்கும். காலனியில் யார் வீட்டிலாவது கல்லுரலும் உலக்கையும் இருந்தால், இன்று சாப்பாட்டுக்குப் பந்தி உட்காருவதற்கு முன் காரியதரிசியிடம் பெயர் கொடுக்க வேண்டுகிறோம்.